முகம் காட்டாத நாராயணி: கே.பி.ஏ.சி. லலிதா குறித்துச் சேர்ந்துகொண்டே போகும் குறிப்புகள்

24 பிப்ரவரி 2022

550 படங்களுக்கு மேல் நடித்த ஒருவரின் ஆகச் சிறந்த நடிப்பு, அவருடைய முகம் ஒரு நொடிகூடத் திரையில் தெரியாத படத்தில்தான் இருக்கிறது என்பது என் கட்சி. நேற்று முன்தினம் இரவு திருப்பூணித்துறையில் காலமான மலையாள நடிகை கே.பி.ஏ.சி. லலிதாவைப் பற்றித்தான் சொல்கிறேன். நம் பக்கத்தில் அவரை நினைவுகூர்பவர்கள் 'அலைபாயுதே'யில் மாதவனின் அம்மா, 'காதலுக்கு மரியாதை'யில் ஷாலினியின் அம்மா என்று இரண்டு வரி சொல்லி முடித்துக்கொள்கிறார்கள். அடூர் கோபாலகிருஷ்ணன் இயக்கத்தில் 1990இல் வந்த 'மதிலுகள்' படத்தில், ஆண்கள் சிறைக்கும் பெண்கள் சிறைக்கும் நடுவே நிற்கும் சுவருக்கு அந்தப் பக்கத்திலிருந்து பேசும் நாராயணி அவர். இந்தப் பக்கம் கைதியாக இருக்கும் எழுத்தாளர் பஷீராக நடிக்கும் மம்மூட்டியை நாம் பார்த்துக்கொண்டே இருக்கிறோம். நாராயணியைக் கடைசி வரை பார்ப்பதில்லை. சீழ்க்கையடித்துக்கொண்டு நடக்கும் பஷீரிடம், யாரது அங்கே சீழ்க்கையடிப்பது என்று கேட்டபடி அந்தக் குரல் படத்துக்குள் நுழைகிறது. அந்த ஒரு கேள்வியிலேயே ஒரு பெண் முழுதாக வந்து நின்றுவிடுகிறாள். மறுப்பவர்கள் மறுக்கலாம்.

25 பிப்ரவரி 2022

மறுப்பு உடனே வந்துவிட்டது. கேரளத்தில் அந்தக் குரலைத் தெரியாதவர் எவருமில்லை, எனவே பார்வையாளன் மதிலுக்குப் பின்னால் லலிதாவின் முகத்தை வைத்துப் பார்த்துவிடுகிறான், அறியாத ஒரு குரலைப் பயன்படுத்தியிருந்தால் நாராயணி இன்னும் மர்மமாக இருந்திருப்பாள் என்கிறார் ஒருவர். எளிதில் தள்ளிவிடக்கூடிய வாதமல்ல. ஆனால் கதையில் நாராயணிக்கு 22 வயது. குரல் கொடுத்தபோது லலிதா நாற்பதைத் தாண்டியிருந்தார், திரையில் மாமியாராகவும் அண்ணியாகவும் வாயாடிப் பக்கத்துவீட்டுக்காரியாகவும் நிலைத்துவிட்டிருந்தார். அந்த முகத்தை நினைவில் வைத்துக்கொண்டு கேட்டால் நாராயணியின் குறும்பு நம்மிடம் எடுபடவே கூடாது. எனக்கு எடுபட்டது. ரோஜாச்செடி ஒன்று கேட்கும்போது அவர் குரலில் கெஞ்சலும் இல்லை, கொஞ்சலும் இல்லை; கேட்டால் கிடைக்கும் என்று தெரிந்த பெண்ணின் சின்ன அதிகாரம் இருக்கிறது. சுள்ளி ஒன்றை மதிலுக்கு மேலே எறிந்தால் நான் வந்திருக்கிறேன் என்று அர்த்தம் என ஏற்பாடு செய்துகொள்ளும் இடத்தில் அந்த அதிகாரம் குறைந்து, சுள்ளியை யாராவது பார்ப்பார்களா என்ற தவிப்பு மெல்ல ஏறுகிறது. இதைச் செய்வதற்கு அவரிடம் கையில்லை, கண்ணில்லை, மூச்சு மட்டும்தான் இருந்தது.

அறியாத குரலாக இருந்திருந்தால் அது வெறும் மர்மமாக நின்றிருக்கும் என்பது என் பதில். மர்மத்தைக் காதலிப்பது சுலபம். பஷீர் காதலிப்பது பக்கத்தில் இருக்கிற, வாய் ஓயாத ஒரு மனுஷியை.

26 பிப்ரவரி 2022

கே.பி.ஏ.சி. என்பது அப்பா பெயரா, ஊர்ப் பெயரா என்று இன்னொருவர் கேட்டிருக்கிறார். சின்ன வயதில் எனக்கும் இதே குழப்பம் இருந்தது. பெயருக்கு முன்னால் நான்கு தலைப்பெழுத்து வைத்துக்கொள்ள இவர் எந்தப் பெரிய பரம்பரைக் குடும்பத்துக்காரரோ என்று நினைத்திருக்கிறேன். கேரளா பீப்பிள்ஸ் ஆர்ட்ஸ் கிளப் என்ற இடதுசாரி நாடகக் குழுவின் பெயர் அது. நம்மூரில் வெண்ணிற ஆடை நிர்மலா, நிழல்கள் ரவி என்று முதல் படத்தின் பெயர் ஒட்டிக்கொள்ளும். அங்கே நாடகக் குழுவின் பெயர் ஒட்டிக்கொண்டது. கே.பி.ஏ.சி. சுலோசனா, கே.பி.ஏ.சி. அசீஸ், கே.பி.ஏ.சி. சன்னி என்று ஒரு வரிசையே உண்டு. திருவிதாங்கூர் சகோதரிகளில் மூத்தவரான லலிதா ஏற்கெனவே இருந்ததால், இவருக்கு முன்னொட்டு கட்டாயமாகவும் ஆயிற்று.

28 பிப்ரவரி 2022

நாடகத்தைத் தொட்டுவிட்டேன், அதை முழுதாகச் சொல்லிவிடுகிறேன். 1947இல் காயங்குளம் பக்கத்தில் பிறந்த மகேஸ்வரி அம்மாதான் பின்னாளில் லலிதா ஆனார். தந்தை புகைப்படக்காரர். நடனம் கற்கத் தொடங்கி, பத்து வயதை ஒட்டியே மேடையேறி, பிறகு கே.பி.ஏ.சி.யில் சேர்ந்தார். லலிதா என்ற பெயரை வைத்தவர் அக்குழுவின் நாடகாசிரியர் தோப்பில் பாசி. அந்தக் குழுவின் 'கூட்டுக்குடும்பம்' நாடகத்தை 1969இல் கே.எஸ். சேதுமாதவன் படமாக்கியபோது திரைக்கு வந்தார். அதாவது, சினிமாவுக்கு அறிமுகமாகும்போதே அவர் தொழில் முற்றிய நடிகை.

எங்கள் பகுதி குமரி மாவட்டத்தின் எல்லையோரம் என்பதால் கோயில் திருவிழாக்களில் மலையாள நாடகக் குழுக்கள் வந்து போடும் நாடகங்களைப் பார்த்து வளர்ந்தவன் நான். மேடைக்கு மேலே கயிற்றில் இரண்டு மூன்று ஒலிவாங்கிகள் தொங்கும். நல்ல நடிகர்கள் அவற்றை நோக்கி நகர்வது தெரியாது. கோபத்தில் இரண்டடி எடுத்து வைப்பதுபோல வந்து சரியாக அதன் கீழே நின்று வசனத்தைப் போடுவார்கள். சுமாரானவர்கள் முதலில் ஒலிவாங்கிக்குக் கீழே போய் நின்றுகொண்டு, பிறகு கோபப்படுவார்கள். லலிதாவின் படங்களில் அவர் அடுப்படியிலிருந்து திண்ணைக்கும் திண்ணையிலிருந்து கிணற்றடிக்கும் பேசிக்கொண்டே போகும் காட்சிகளைப் பார்க்கும்போது அந்த மேடைப் பயிற்சிதான் எனக்கு நினைவுக்கு வரும். வசனம் வேலையைக் கெடுப்பதில்லை, வேலை வசனத்தைக் கெடுப்பதில்லை. பாத்திரத்தைக் கழுவிக் கவிழ்த்துவிட்டுத் திரும்பும்போது வாக்கியமும் முடிந்திருக்கும்.

3 மார்ச் 2022

நான் குரல் குரல் என்று சொல்லிக்கொண்டிருப்பதற்கு எதிராக ஒருவர் 'கொடியேற்றம்' படத்தை எடுத்துப் போட்டிருக்கிறார். வலுவான ஆதாரம்தான். 1977இல் வந்த அந்தப் படமும் அடூருடையதே. பின்னணி இசையே கிடையாது. திருவிழா கண்ட இடமெல்லாம் போய் நிற்கும், வேறெந்தப் பொறுப்பும் தெரியாத சங்கரன்குட்டிக்கு (பரத் கோபி) வாழ்க்கைப்பட்ட சாந்தம்மாவாக லலிதா வருகிறார். வாய் ஓயாத பெண் அல்ல இவள். சொல்லாமல் விடுவதுதான் இவளுடைய பேச்சு. ஊர் சுற்றப் போன புருஷன் எப்போது வருவான் என்று தெரியாமல் வீட்டில் காத்திருப்பவள், வந்தவுடன் சாப்பாடு போடுகிறாள். அவன் சாப்பிடும் அழகை நாம் பார்க்கிறோம், அவளோ அவனைப் பாதியும் பாத்திரத்தைப் பாதியும் பார்க்கிறாள். கர்ப்பிணியாகத் தாய்வீடு போய்விட்டவளிடம் கடைசியில் அவன் ஒரு புதுத்துணியை எடுத்துக்கொண்டு வந்து நிற்கும்போது, அத்தனை நாள் கோபமும் அவள் முகத்தில் நின்றுகொண்டுதான் அவனை மன்னிக்கிறது.

தூர்தர்ஷன் ஞாயிறு மதியங்களில் மாநில மொழிப் படங்கள் போட்ட காலத்தில் இதை முதலில் பார்த்தேன். வீட்டில் என்னைத் தவிர எல்லோரும் தூங்கிவிட்டார்கள். அந்தப் படங்களுக்கு நம் வீடுகளில் அந்தப் பெருமை உண்டு.

எனவே என் கட்சியைக் கொஞ்சம் விரித்துக்கொள்கிறேன். லலிதாவின் பலம் குரல் மட்டுமல்ல; எதிரில் இருப்பவரைக் கேட்பது. 'மதிலுக'ளில் பஷீரின் மௌனத்தைக்கூட நாராயணி கேட்கிறாள் என்று நமக்குத் தோன்றுகிறதே, அதுவும் இதுவும் ஒன்றுதான்.

4 மார்ச் 2022

நேற்று வெளியான 'பீஷ்ம பர்வம்' பார்த்தேன். தளர்ந்துபோன முதிய தம்பதியாக நெடுமுடி வேணுவும் லலிதாவும் வருகிறார்கள். வேணு சென்ற அக்டோபரிலேயே போய்விட்டார். தன் ரசிகர்களுக்காக மம்மூட்டி செய்யும் சாகசங்களுக்கு நடுவே, இந்த இருவரும் உட்கார்ந்த இடத்திலிருந்து வஞ்சம் வளர்க்கிறார்கள். படத்தைப் பற்றி வேறு எதுவும் சொல்ல விருப்பமில்லை.

19 மார்ச் 2022

பரதனைப் பற்றி ஏன் எழுதவில்லை என்று கேட்கிறார்கள். 'தேவர் மகன்' (1992) இயக்கிய அதே பரதன்தான் லலிதாவின் கணவர் என்பது இங்கே பலருக்குப் புதிய செய்தியாக இருப்பதைப் பார்க்கிறேன். 1978இல் திருமணம். அதே ஆண்டு வந்த பரதனின் 'ஆரவம்' லலிதாவுக்கு மாநில விருதை வாங்கித் தந்தது. ஆனால் அதன்பின் சில ஆண்டுகள் அவர் நடிப்பை ஒதுக்கிவைத்தார். 1983இல் பரதனின் 'காற்றத்தெ கிளிக்கூடு' படத்தில்தான் இரண்டாம் சுற்று தொடங்கியது. 1998இல் பரதன் இறந்தபோது மறுபடியும் ஓர் இடைவெளி. அடுத்த ஆண்டு சத்யன் அந்திக்காட்டின் 'வீண்டும் சில வீட்டுக்கார்யங்கள்' வந்தது; திலகனின் மனைவியாக, கணவனின் கண்டிப்புக்கும் பொறுப்பில்லாத மகன் ஜெயராமுக்கும் நடுவில் மாட்டிக்கொண்ட தாய்.

கதாநாயகர்களின் தொழில் வரலாற்றை வெற்றி தோல்வி என்று பிரித்து எழுதுகிறோம். இவருடையதை எழுத உட்கார்ந்தால் கல்யாணம், பிள்ளைகள், கணவரின் சாவு என்றுதான் அத்தியாயம் பிரிகிறது. அவர் வேலையை நிறுத்திய இடங்கள் எல்லாம் வீட்டுக் காரணங்கள். வேலைக்குத் திரும்பிய இடங்களிலும் வீட்டுக் காரணங்கள் இருந்திருக்கும்.

20 மார்ச் 2022

'அமர'த்தை மறந்துவிட்டாயா என்று நண்பர் போனிலேயே சண்டைக்கு வந்துவிட்டார். மறக்கவில்லை. 1990ஆம் ஆண்டுக்கான தேசிய விருதில் சிறந்த துணை நடிகையாக லலிதா தேர்வானது பரதனின் அந்தப் படத்துக்காகத்தான். இரண்டாவது முறை 2000ஆம் ஆண்டுக்காக, ஜெயராஜின் 'சாந்தம்' படத்துக்கு.

'அமர'த்தில் அவர் கடற்கரைக் குடியிருப்பில் வாழும் பார்கவி, முரளியின் மனைவி. கடலுக்குப் போன மகன் திரும்பவில்லை என்றதும் சந்தேகம் மம்மூட்டியின் மேல் விழுகிறது. அந்த இடத்தில் பார்கவி அழுகிற அழுகை நம் படங்களில் தாய்மார்கள் அழும் அழுகை அல்ல. அதில் வசவு இருக்கிறது, கணக்குக் கேட்கிற குரல் இருக்கிறது, ஊரைச் சாட்சிக்கு இழுக்கிற வேகம் இருக்கிறது. எங்கள் பக்கத்துக் கடற்கரை ஊர்களில், வள்ளம் திரும்பாத நாள்களில் பெண்கள் மணலில் நின்று கத்துவதைக் கேட்டவர்களுக்கு இது விளங்கும். அழுவதும் திட்டுவதும் அங்கே ஒரே மூச்சில் வரும்.

2 ஏப்ரல் 2022

பணவிஷயம். 2021 நவம்பரில் அவருடைய கல்லீரல் சிகிச்சைச் செலவைக் கேரள அரசு ஏற்றபோது, இத்தனை படங்களில் நடித்தவருக்கா என்று சிலர் கேட்டதையும் இங்கே ஒருவர் நினைவுபடுத்தியிருக்கிறார். கேட்டவர்களுக்குத் துணைப் பாத்திரங்களின் கணக்கு தெரியாது என்று நினைக்கிறேன். நாயகனின் சம்பளம் படத்தோடு ஏறும். அம்மா வேடத்துக்கு அத்தனை நாள் கால்ஷீட்டுக்கு இத்தனை என்பதோடு முடிந்தது. படம் நானூறு நாள் ஓடினாலும் அவருக்கு அந்தச் சில நாள்தான். 550 என்ற எண்ணைப் பார்த்து மலைக்கிறவர்கள், அத்தனை படங்களை ஏன் ஒத்துக்கொள்ள வேண்டியிருந்தது என்றும் ஒரு நிமிடம் யோசிக்கலாம். ஆச்சி மனோரமாவின் ஆயிரம் படங்களைப் பற்றியும் நாம் கின்னஸ் சாதனை என்ற பெருமிதத்தில்தான் பேசுகிறோம்.

அவர் 2016இல் வடக்காஞ்சேரித் தொகுதியில் நிற்பார் என்று பேச்சு அடிபட்டு, உடல்நிலையைக் காரணம் காட்டி விலகியதையும், பிறகு கேரள சங்கீத நாடக அகாதமியின் தலைவராக இருந்ததையும் வைத்து அரசியல் விவாதம் தொடங்கப் பார்க்கிறவர்கள் வேறு இடம் பார்த்துக்கொள்ளுங்கள்.

17 ஏப்ரல் 2022

மனோரமாவை இழுத்தது நான்தான், எனவே வந்திருக்கும் கேள்விக்கு நானே பதில் சொல்ல வேண்டும்: இருவரில் யார் பெரியவர்? இந்தக் கேள்வியில் எனக்கு ஆர்வமில்லை. ஆனால் ஒரு வித்தியாசத்தைச் சொல்லலாம். 'தில்லானா மோகனாம்பாள்' ஜில் ஜில் ரமாமணி வரும்போது கதை அவளுக்காகச் சற்று ஒதுங்கி வழிவிடுகிறது; 'சம்சாரம் அது மின்சாரம்' கண்ணம்மாவும் அப்படித்தான், வேலைக்காரியாக வந்து வீட்டின் நடுக்கூடத்தைப் பிடித்துக்கொள்கிறாள். மனோரமா வந்தால் காட்சி அவருடையது. லலிதா வந்தால் காட்சி எதிரில் இருப்பவருடையதாகிறது. பரத் கோபியும் திலகனும் இன்னொசெண்டும் அவர் பக்கத்தில் நிற்கும்போது, பல ஆண்டு குடித்தனம் நடத்தியவர்களாகத் தெரிகிறார்கள். இரண்டும் இரண்டு வகைத் திறமை. தமிழ்ப் படங்கள் முதல் வகைக்குத்தான் கைதட்டிப் பழகியிருக்கின்றன.

இதை எழுதும்போதுதான் 'காதலுக்கு மரியாதை' உச்சகட்டம் மறுபடி நினைவுக்கு வருகிறது. இரு குடும்பங்களும் சேர்ந்து நிற்கும் அந்த வீட்டில் ஸ்ரீவித்யா பெண்ணைக் கேட்பதும் லலிதா கொடுப்பதும் எல்லோருக்கும் தெரியும். ஃபாசில் மலையாளத்தில் எடுத்தபோதும் தமிழில் எடுத்தபோதும் இந்த இரண்டு அம்மாக்களையும் மாற்றவில்லை. நாயகனை மாற்றினார், மொழியை மாற்றினார், அவர்களை மாற்றவில்லை. அந்தக் காட்சியை அடுத்த தடவை பார்க்கும்போது ஸ்ரீவித்யா பேசி முடிக்கும் வரை லலிதாவை மட்டும் கவனியுங்கள். பெண்ணைக் கேட்பவர் பேசப் பேச, கொடுப்பவரின் முகத்தில் முடிவு ஏற்கெனவே எடுத்தாகிவிட்டது.

28 மார்ச் 2023

நேற்று முன்தினம் இன்னொசெண்டும் போய்விட்டார். அவரும் லலிதாவும் ஜோடியாக வந்த படங்களைப் பற்றித் தனியாக எழுதுவதாகச் சொல்லி ஓராண்டு கடத்திவிட்டேன்.

'காட்ஃபாதர்' (1991) ஒன்று போதும். பெண்வாடையே ஆகாது, பிள்ளைகள் யாரும் கல்யாணம் கட்டக் கூடாது என்று அப்பா அஞ்ஞூறான் சட்டம் போட்டிருக்கும் வீடு. அந்த வேடத்தில் நடித்த என்.என். பிள்ளையும் நாடகக்காரர்தான். அந்த வீட்டுப் பிள்ளைகளில் ஒருவரான சுவாமிநாதன் (இன்னொசெண்ட்) திருட்டுத்தனமாகக் கல்யாணம் செய்து, பிள்ளைகளும் பெற்று, வெளியில் ஒரு குடும்பத்தை ஒளித்து வைத்திருக்கிறார். அந்த மனைவி கொச்சம்மிணி, லலிதா. இந்தச் சூழ்நிலையில் நகைச்சுவை இன்னொசெண்டின் பயத்தில் இருக்கிறது என்றுதான் பார்க்கிறவன் நினைப்பான். உண்மையில் அது கொச்சம்மிணி பயப்படாததில் இருக்கிறது. புருஷன் ஒளிந்து ஒளிந்து வருவதை, ஏதோ இரவுப்பணிக்காரனைக் கட்டிக்கொண்டவள்போல இயல்பாக எடுத்துக்கொண்டு, வீட்டுச்சாமான் பட்டியலோடு அவர் முன்னால் நிற்கக்கூடிய முகம் அது. 'மணிச்சித்திரத்தாழ்' (1993) படத்தில் உண்ணித்தான், பாசுரா என்று இருவரும் மறுபடி கணவன் மனைவி. பேய்க்குப் பயந்து நடுங்குவதிலும் அந்தத் தம்பதிக்குள் ஒரு வேலைப்பகிர்வு இருக்கிறது.

30 மார்ச் 2023

தொலைக்காட்சியை விட்டுவிட்டாய் என்கிறார்கள். மழவில் மனோரமா என்ற மலையாள அலைவரிசையில் வந்த 'தட்டீம் முட்டீம்' நகைச்சுவைத் தொடரில் மஞ்சு பிள்ளையின் மாமியார் மாயாவதி அம்மாவாக லலிதா நடித்தார். மார்த்தாண்டத்தில் இருக்கும் என் மாமிக்கு அடூர் யாரென்று தெரியாது. மாயாவதி அம்மாவைத் தெரியும். லலிதா இறந்த செய்தியை நான் சொன்னபோது, அப்படியானால் மருமகள் இனி யாரோடு சண்டை போடுவாள் என்றுதான் கேட்டார்.

தொடர்களில் நடிப்பதைச் சரிவு என்று எழுதுகிறவர்களோடு எனக்கு ஒத்துவராது. ஒரே கூடம், ஒரே சோபா, ஒரே மருமகள். வாரக்கணக்கில் அதே சண்டையைப் புதிதாகப் போட வேண்டும். நாடகக் குழுவில் ஒரே நாடகத்தை ஊர் ஊராகப் போட்டவருக்குத்தான் அது சலிக்காது. மருமகள் குத்திப் பேசியதும் உடனே பதில் சொல்லாமல், கேட்காததுபோல ஒரு கணம் வேறெங்கோ பார்த்துவிட்டுத் திருப்பிக் கொடுப்பார். அந்த ஒரு கணத்துக்குள் மாமி இங்கிருந்தே பதிலைச் சொல்லிவிடுவார். பல சமயம் மாமியின் பதில் மேலாக இருக்கும்.

22 செப்டம்பர் 2024

கவியூர் பொன்னம்மா காலமானதை ஒட்டி, மலையாளத்தின் அம்மா யார் என்ற பழைய சண்டையை இங்கே மீண்டும் கிளப்பியிருக்கிறார்கள். பொன்னம்மா அம்மா என்பதில் யாருக்கும் சந்தேகமில்லை. பெரிய பொட்டும் கனிந்த சிரிப்புமாக, மோகன்லால் எங்கே அடிபட்டு வந்தாலும் மடி கொடுக்கக் காத்திருந்தவர். 'கிரீடம்' படத்தில் அவர் இல்லாமல் அந்த மகனின் வீழ்ச்சி இவ்வளவு வலித்திருக்காது.

அதே மோகன்லாலுக்கு 'ஸ்படிகம்' (1995) படத்தில் லலிதா அம்மா. மகனைவிடப் பதின்மூன்று வயதுதான் மூத்தவர் என்பதை ஒப்பனை அல்ல, நடைதான் மறைக்கிறது. கணக்கு வாத்தியாரான அப்பா திலகன், அவரை எதிர்த்து ரவுடியாகிவிட்ட மகன், நடுவில் இவர். பொன்னம்மாவாக இருந்திருந்தால் மகன் பக்கம் மனதால் முழுதாகச் சாய்ந்திருப்பார், நாமும் கூடவே சாய்ந்திருப்போம். லலிதா அந்த வசதியை நமக்குத் தருவதில்லை. கணவர் செய்தது அநியாயம் என்று அவருக்குத் தெரியும். அந்த மனிதரோடு இத்தனை வருஷம் வாழ்ந்திருக்கிறோம் என்பதும் தெரியும். மகனிடம் பேசும்போது கணவர் காதில் விழுமோ என்றும், கணவரிடம் பேசும்போது மகன் காதில் விழவேண்டுமே என்றும் இருவேறு அளவில் குரலை வைக்கிறார். 2023இல் அந்தப் படத்தைப் புதுப்பித்துத் திரையரங்குகளில் மறுபடி வெளியிட்டபோது திருவனந்தபுரத்துக்குப் போய்ப் பார்த்தேன். மோகன்லால் வேட்டியை மடித்துக் கட்டும் இடங்களிலெல்லாம் விசில் பறந்ததால் அம்மாவின் வசனங்களில் பாதி என் காதில் விழவில்லை. திரும்பி வந்து வீட்டில் போட்டுப் பார்த்தேன். தொடங்க விரும்புகிறவர்கள் 'கொடியேற்றம்', 'காட்ஃபாதர்', 'ஸ்படிகம்' என்ற வரிசையில் பாருங்கள். மூன்றிலும் அவருக்கு இருக்கும் நேரம் குறைவு என்று புகார் எழுதுவதற்கு முன், அந்த நேரத்தில் கூட நடிப்பவர் என்ன ஆகிறார் என்பதையும் பார்த்துவிட்டு வாருங்கள்.